வாய்ப்பூட்டு வாரம்

அவள் அந்தக் கேள்வியைக் கேட்டபோது நான் வாசல்படியில் உட்கார்ந்து பூட்ஸின் கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தேன். பன்னிரண்டு மணிநேரம் ஓட்டுத் தொழிற்சாலையில் சூளைப் பக்கம் நின்றவனின் பூட்ஸ் அவ்வளவு சுலபத்தில் கழன்றுவிடாது. கால் வீங்கியிருக்கும், தோல் இறுகியிருக்கும், முடிச்சில் களிமண் தூசி ஏறிக் கல்லாகியிருக்கும். சமையலறைக் கதவில் சாய்ந்துகொண்டு, கையில் பென்சிலோடு, "போர்மேன் சார், ஒரு சந்தேகம்" என்றாள்.

"கேளு கணக்கு."

கல்யாணமான புதிதில் வைத்த பெயர்கள். எங்களுக்குள் வேறு பெயர் புழங்கியதில்லை.

"உங்க கம்பெனிக்கு ஆர்டர் சுத்தமா நின்னுபோச்சுன்னு வெச்சுக்குங்க. வேலை இல்லாம எத்தனை மாசம் ஆளுங்கள வெச்சிருப்பாங்க?"

இரண்டாவது பூட்ஸையும் கழற்றிவிட்டுத்தான் பதில் சொன்னேன். அந்தச் சில நொடிகளில் எனக்குள் ஓடியது இன்றும் அப்படியே நினைவிருக்கிறது. முதலில் நினைவுக்கு வந்தது நான் வேலையில் சேர்ந்த வருடம். ஆர்டர் நின்ற பத்தொன்பதாவது நாள் காலையில் முதலாளியின் அப்பா பாதி ஆட்களைக் கேட்டுக்கு வெளியிலேயே நிறுத்தித் திருப்பி அனுப்பினார். இரண்டாவதாக நினைவுக்கு வந்தது முந்தின ஞாயிற்றுக்கிழமை. அவளுடைய தம்பி எங்கள் சோபாவில் சாய்ந்துகொண்டு, "மாமா, நீங்க இன்னும் அந்த மண்ணுலயேதான் கெடக்கறீங்களா?" என்று கேட்டான். அவள் சம்பளம் என் சம்பளத்தைப் போல் இரண்டு மடங்கு என்பது அவனுக்குத் தெரியும். எனக்கும் தெரியும்.

"ஆறு மாசம்" என்றேன். "அதுவும் குறைஞ்சது. எங்க முதலாளி அவ்வளவு லேசுல ஆள விட மாட்டாரு. சூளையும் அப்படித்தான். ஒரு தடவ அணைச்சா திரும்ப ஏத்தறதுக்குள்ள உயிர் போயிடும். அணைக்க மாட்டாங்க."

"நிஜமாவா?"

"பதினெட்டு வருஷமா அங்க நிக்கறேன். எனக்குத் தெரியாதா?"

அவள் நீல அட்டை போட்ட சின்ன நோட்டில் ஏதோ குறித்துக்கொண்டாள். "சரி, கால கழுவிட்டு வாங்க, சாப்பாடு ஆறுது" என்றாள். அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. சாப்பிட்டு எழுந்திருப்பதற்குள் நான் மறந்துபோனேன்.

அவள் நாட்டின் மைய வங்கியில் ஆய்வுப் பிரிவில் இருந்தாள். வட்டியை ஏற்றலாமா இறக்கலாமா என்று முடிவு செய்கிற கமிட்டி ஒன்று உண்டு. அந்தக் கமிட்டிக்கு, ஏற்றினால் என்ன ஆகும், இறக்கினால் என்ன ஆகும் என்று முன்கூட்டியே கணக்குப் போட்டுக் கொடுக்கும் வேலை. அதற்கு ஒரு மாடல் வைத்திருந்தார்கள். மாடல் என்றால் நான் முதலில் அட்டையில் செய்த வீடு மாதிரி ஏதோ என்று நினைத்தேன். மின்சாரம் போன ஒரு சாயங்காலம், வேறு வேலை ஓடாமல், அவள் எனக்கு அதை விளக்கினாள்.

"ஒரு குடும்பம் இருக்கு. நாட்டுல இருக்கற அத்தனை குடும்பத்துக்கும் பதிலா அந்த ஒரே குடும்பம்."

"பேரு?"

"பேரு கிடையாது. சாவும் கிடையாது. என்னிக்கும் இருப்பாங்க."

"குடுத்து வெச்சவங்க."

"நாளைக்கு என்ன நடக்கும்னு அவங்களுக்குத் தெரியாது. ஆனா என்னென்ன நடக்கலாம்னு எல்லாம் தெரியும். அதுக்குத் தக்கபடி இன்னிக்கே செலவக் கூட்டிப்பாங்க, குறைச்சுப்பாங்க."

"வீட்டுல மாமியார் இருக்காங்களா?"

"இல்ல."

"அதான் நிம்மதியா முடிவெடுக்கறாங்க."

அவள் சிரித்து முடித்துவிட்டு மேலே சொன்னாள். அந்தக் குடும்பம், அது வேலை பார்க்கிற ஒரு கம்பெனி, வட்டியை நிர்ணயிக்கிற ஒரு வங்கி. இவை எல்லாம் அசையாமல் நிற்கும் குளம் மாதிரி இருக்கும். அதில் ஒரு கல்லை எறிவார்கள்: வட்டி ஏறுகிறது. உடனே கோடுகள் ஆடும். விலைவாசி ஒரு கோடு, உற்பத்தி ஒரு கோடு, வேலையில் இருப்பவர்கள் ஒரு கோடு. ஒவ்வொன்றும் இறங்கி, அடியைத் தொட்டு, மெல்ல ஏறி, நடுக்கோட்டில் வந்து படுத்துக்கொள்ளும். "எல்லாக் கோடும் கடைசியில பழைய இடத்துக்கே வந்துடணும். வரலன்னா மாடல்ல எங்கயோ தப்புன்னு அர்த்தம்" என்றாள்.

எனக்கு அது பிடிபட்டது. சூளையும் அப்படித்தான். பர்னரை இப்போது திருப்பினால் உள்ளே வெப்பமானியின் முள் நாற்பது நிமிடம் கழித்துத்தான் அசையும். புதிதாக வந்தவனுக்குப் பொறுமை இருக்காது. முள் அசையவில்லையே என்று இன்னொரு திருப்பு திருப்புவான். பிறகு இரண்டும் சேர்ந்து வந்து ஒரு ட்ராலி ஓட்டையும் கருக்கிவிடும். இதைச் சொன்னதும் அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "எங்க கமிட்டிக்கு உங்கள ஒரு நாள் கூட்டிட்டுப் போகணும்" என்றாள். மனைவி இப்படிச் சொல்லி எத்தனை ஆண்கள் கேட்டிருப்பார்கள் என்று தெரியவில்லை. நான் அந்த வாக்கியத்தை ரொம்ப நாள் உள்ளே வைத்து உருட்டிக்கொண்டிருந்தேன்.

மாடலில் சில எண்கள் கணக்கெடுப்பிலிருந்து வரும். சில எண்களுக்குக் கணக்கெடுப்பே இருக்காது. அந்த இடங்களில் விவரம் தெரிந்தவர்களிடம் கேட்டு ஒரு எண்ணைக் கையால் வைப்பார்கள். அந்தச் சமயத்தில் தொழிலாளர் கணக்கெடுப்பு இரண்டு வருடமாக நின்றுபோயிருந்தது. படிவத்தை மாற்றுகிறோம் என்று நிறுத்தியவர்கள் மாற்றிக்கொண்டே இருந்தார்கள்.

கமிட்டி கூடுகிற வாரம் வங்கியில் யாரும் வெளியாட்களிடம் பொருளாதாரம் பற்றி வாய் திறக்கக் கூடாது. அது விதி. எங்கள் வீட்டில் அதற்கு வாய்ப்பூட்டு வாரம் என்று பெயர். அந்த வாரத்தில் தக்காளி விலையைச் சொன்னால்கூட அவள் உச்சுக் கொட்ட மாட்டாள். "இப்பத்தான் வீடு வீடா இருக்கு" என்பேன். ஈரத் துண்டால் முதுகில் ஒன்று விழும்.

பூட்ஸ் கழற்றிய நாளுக்கு அப்புறம் வந்த வாய்ப்பூட்டு வாரம் மட்டும் எனக்கு நாள் நாளாக நினைவிருக்கிறது. முதல் மூன்று நாள் அவள் சரியாகச் சாப்பிடவில்லை. நான்காம் நாள் மாலை வந்தவள் முகம் தெளிந்திருந்தது. குளித்துவிட்டு, அலமாரியில் துணிகளை அடுக்கி வைத்துவிட்டு, படுத்ததும் தூங்கிப்போனாள். மறுநாள் கமிட்டி கூடி வட்டியை ஒரே தடவையில் இரண்டு சதவீதப் புள்ளி ஏற்றியது. வேலைவாய்ப்பில் பாதிப்பு மிதமாகவும் மெதுவாகவும்தான் இருக்கும் என்று வங்கியின் கணிப்பு காட்டுவதாகச் செய்தித்தாளில் போட்டிருந்தது.

மிதமும் இல்லை, மெதுவும் இல்லை. கட்டடம் கட்டுகிறவர்கள் ஒரே வாரத்தில் கையைக் கட்டிக்கொண்டார்கள். ஓட்டுக்கு ஆர்டர் நின்றது. முதலாளி முதலில் ஓவர்டைமை நிறுத்தினார், பிறகு ஒரு ஷிப்டை நிறுத்தினார். அப்போதும் நான் ஆட்களிடம் சொல்லிக்கொண்டிருந்தேன், சூளை எரிகிற வரைக்கும் பயமில்லை என்று. ஆர்டர் நின்ற நாற்பத்து நான்காம் நாள் காலை பதினொரு மணிக்கு முதலாளியின் மகன் ஒரு காகிதத்தோடு வந்து, "போர்மேன், அணைச்சுடுங்க" என்றான். உள்ளே பதினேழு ட்ராலி ஓடு பாதி வெந்த நிலையில் இருந்தது. "இது மட்டும் வெந்து வந்துடட்டும் தம்பி" என்றேன். "கேஸுக்குக் காசு யார் குடுக்கறது?" என்றான்.

பர்னர்களை நான்தான் ஒவ்வொன்றாக மூடினேன். ஒன்பது வருடமாக நிற்காத சத்தம் நின்றதும் காது அடைத்தது மாதிரி ஆகிவிட்டது. ட்ராலி தள்ளுகிறவனுக்குச் சீட்டி என்று பெயர். அடுத்த ட்ராலிக்கு வாயாலேயே சீட்டியடித்துத்தான் ஆள் கூப்பிடுவான். அன்று அவன் கையுறையைக் கழற்றி மடித்து ட்ராலியின் மேல் வைத்துவிட்டு என்னிடம் வந்தான்.

"அண்ணே, ஒண்ணு கேக்கலாமா? கோவிச்சுக்கக் கூடாது."

"கேளு."

"அண்ணி அந்த பேங்க்லதான இருக்காங்க. அவங்களுக்கு முன்னாடியே தெரிஞ்சிருக்கும்ல? போன மாசம்தான் நான் பழைய வாடகை வீட்ட விட்டுட்டுப் பெரிசா ஒண்ணு பாத்துப் போனேன். நீங்கதான பயமில்லன்னீங்க."

நாற்பத்து இரண்டு பேர் நின்று என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அந்தக் கேள்வியை அப்படியே எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனேன். பாதி வெந்த ஓடு ஒன்றையும் எடுத்துக்கொண்டேன்.

அவள் மேசையில் சாய்ந்து ஏதோ படித்துக்கொண்டிருந்தாள். ஓட்டை அவள் புத்தகத்தின் மேல் வைத்தேன். வைத்தேன் என்பது மரியாதைக்குச் சொல்வது.

"சூளைய அணைச்சாச்சு. உனக்குத் தெரியும், இல்ல?"

அவள் ஓட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். "எப்போ?" என்றாள்.

"இன்னிக்கு. நாப்பத்து நாலாவது நாள். உனக்குத் தெரிஞ்சுதான் அன்னிக்கு அப்படித் தூங்கின. எல்லாத்தையும் தெரிஞ்சு வெச்சுக்கிட்டு வாயப் பூட்டிக்கிட்டு இருந்த. ஒரு வார்த்த சொல்லியிருந்தா அந்தப் பையன் பழைய வீட்டுலயே இருந்திருப்பான்."

"எங்க கணக்குல உங்க சூளை அணையவே இல்லங்க" என்றாள். குரல் ரொம்பத் தாழ்ந்திருந்தது.

"அப்ப உங்க கணக்க எடுத்துக் குப்பையில போடு. இல்லாட்டி இந்த அரைவேக்காட்டயும் அதுல சேத்துக்கோ."

அவள் இன்னும் ஏதோ சொல்லப் போனாள் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. உதடு பிரிந்தது. என் முகத்தைப் பார்த்தாள், பிறகு என் கால்களைப் பார்த்தாள். அன்று நான் பூட்ஸோடு வீட்டுக்குள் வந்திருந்தேன். எழுந்து போய்த் துடைப்பம் எடுத்து வந்து களிமண்ணைக் கூட்ட ஆரம்பித்தாள். மறுநாள் ஓடு மேசையில் இல்லை. எறிந்துவிட்டாள் என்று நினைத்தேன்.

அதற்குப் பிறகு ஏழு வருடம் ஒரே வீட்டில் இருந்தோம். நான் ஒரு டைல்ஸ் கடையில் விற்பனையாளனாகச் சேர்ந்தேன். எங்கிருந்தோ கப்பலில் வந்த ஓடுகளை வாடிக்கையாளர் முன்னால் விரலால் தட்டிக் காட்டி, "சத்தத்தக் கேளுங்க சார்" என்று சொல்வது வேலை. சீட்டி ஒரு பெரிய கடைத்தொகுதியில் கார் நிறுத்துமிடத்தில் நின்றான். பிளாஸ்டிக் விசில் கொடுத்திருந்தார்கள். ஒரு நாள் அந்தப் பக்கம் போனேன். என்னைப் பார்த்தும் அவன் வாயிலிருந்து விசிலை எடுக்கவில்லை.

அவளை அந்த வருடக் கடைசியில் ஆய்வுப் பிரிவிலிருந்து எடுத்து, பழைய அறிக்கைகளைத் தேதிவாரியாக அடுக்கும் பிரிவில் போட்டார்கள். கணிப்பு பொய்த்ததற்கு விசாரணை நடந்ததாம். அதற்கு மேல் அவள் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. பட்டால்தானே தெரியும் என்று உள்ளுக்குள் ஒரு குளிர்ச்சிகூட இருந்தது. "என்ன கணக்கு, உன் கோடு மட்டும் பழைய இடத்துக்கு வரலியா?" என்று ஒரு தடவை கேட்டேன். சாப்பாட்டு மேசையில், அவள் தம்பி முன்னால். அவள் எனக்கு இன்னொரு கரண்டி சோறு போட்டாள். மழை வரும் போலிருக்கிறது என்று அவள் சொன்னால், "பரவால்ல, இதையாவது முன்கூட்டியே சொல்றியே" என்பேன். நான் கையை ஓங்கியதில்லை, குரலை உயர்த்தியதில்லை. ஊசியை மட்டும் கையிலேயே வைத்திருந்தேன். ஏழு வருடத்தில் அவள் ஒரு தடவையும் திருப்பிக் குத்தவில்லை. குத்த எதுவும் இல்லாததால்தான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

அவளுக்குக் கணையத்தில் புற்று வந்தது. எத்தனை மாதம் என்று நான் மருத்துவரிடம் கேட்கவில்லை. அவளும் கேட்கவில்லை. ஆஸ்பத்திரியில் கடைசி வாரம் அவள் பேசவில்லை. பேச முடியாமல் இல்லை என்று நர்ஸ் சொன்னார். நான் பக்கத்தில் உட்கார்ந்து, "வாய்ப்பூட்டு வாரமா?" என்று கேட்டேன். வேடிக்கையாகத்தான் கேட்டேன். அவள் என் கையை எடுத்துத் தன் வயிற்றின் மேல் வைத்துக்கொண்டாள். அவ்வளவுதான்.

அவள் போன ஐந்தாவது வாரம், ஒரு மதியம், ஆய்வுப் பிரிவில் அவளுக்குக் கீழே வேலை பார்த்த பெண் ஒரு அட்டைப்பெட்டியோடு வந்தாள். அந்தப் பெண்தான் இப்போது ஆய்வுப் பிரிவுக்குத் தலைமை. மேசையைக் காலி செய்ததில் கிடைத்தவை என்றாள். ஒரு ஸ்வெட்டர், ஒரு கோப்பை, மூன்று நீல நோட்டுகள், செய்தித்தாளில் சுற்றிய ஒரு கனமான பொருள். பிரித்தேன். பாதி வெந்த ஓடு.

"மேடம் இதத்தான் பேப்பர் பறக்காம வெச்சிருப்பாங்க சார். எந்த ரூமுக்கு மாத்தினாலும் கையோட எடுத்துட்டுப் போவாங்க."

நான் டீ போட்டுக் கொண்டுவந்தேன். அந்தப் பெண் தன் கோப்பையை அந்த ஓட்டின் மேலேயே வைத்துக்கொண்டாள். பழக்கம் போலிருக்கிறது.

"உங்ககிட்ட ஒரு உதவி கேக்கணும் சார்" என்றாள். "பழைய மாடலத்தான் இன்னும் ஓட்டறோம். அதுல ஒரு நம்பர் இருக்கு. ஆர்டர் நின்னா கம்பெனிங்க எத்தனை மாசம் ஆள வெச்சிருப்பாங்கன்னு. மேடம் ஆறுன்னு வெச்சிருந்தாங்க. அதனாலதான் அப்போ அடி மெதுவா வரும்னு காட்டுச்சு, கமிட்டியும் தைரியமா ரெண்டு புள்ளி ஏத்துச்சு."

நான் என் கோப்பையைக் கீழே வைத்தேன்.

"விசாரணையில அந்த ஆறு எங்கேர்ந்து வந்துச்சுன்னு கேட்டாங்க. என் கணிப்புன்னு மட்டும் சொன்னாங்க மேடம். வேற யாராவது சொல்லியிருந்தா அவங்க யாருன்னு சொல்லிடுங்க, உங்க மேல எதுவும் வராதுன்னாங்க. சொல்லல. நாங்களே தனியா பத்து தடவ கேட்டிருப்போம்."

"இப்பவும் ஆறுதானா?"

"இப்பவும் ஆறுதான் சார். புது கணக்கெடுப்பு இன்னும் வரல. நான் மாத்தணும்னு எழுதிப் போட்டேன். எதை வெச்சு மாத்தறேன்னு கேக்கறாங்க. ஆதாரம் இல்லாம வெச்ச நம்பர ஆதாரம் இல்லாம மாத்த விட மாட்டேங்கறாங்க." அவள் நோட்டுகளைப் பார்த்தாள். "நான் பிரிச்சுப் பாக்கல. அவங்களோட சொந்த நோட்டு. நீங்க பாக்கும்போது எங்கயாவது அந்த ஆறு பத்தி எழுதியிருந்தா ஒரு ஃபோன் பண்ணுங்க. ஆனா இன்னிக்குள்ள பண்ணுங்க சார். நாளையிலேர்ந்து வாய்ப்பூட்டு வாரம்."

எங்கள் வீட்டுச் சொல்லை என் மனைவி அங்கேயும் கொண்டுபோய்ப் புழங்கவிட்டிருக்கிறாள்.

"இந்தத் தடவ ஏத்துவாங்களா?" என்று கேட்டேன்.

அந்தப் பெண் டீயை ஒரு மடக்குக் குடித்து மறுபடியும் ஓட்டின் மேல் வைத்தாள்.

மேலே இருந்த நோட்டை எடுத்துப் புரட்டினேன். வருடம் எனக்குத் தெரியும், மாதமும் தெரியும். தேடக்கூட வேண்டியிருக்கவில்லை. அவளுடைய சிறிய, சாயாத எழுத்தில், பென்சிலில் இருந்தது: ஆறு. ஆதாரம்: வீடு. அதற்குக் கீழே மையில், வேறொரு தேதியிட்டு: 44 நாள். தேதி, நான் ஓட்டை மேசையில் வைத்த நாள். அதற்குப் பிறகு அந்தப் பக்கத்தில் எதுவும் எழுதவில்லை.

அன்று உதடு பிரிந்தபோது அவளுக்குத் தெரிந்திருக்கிறது. கூட்டிக்கொண்டிருந்தபோது தெரிந்திருக்கிறது. இன்னொரு கரண்டி சோறு போட்டபோதும்.

"இருக்கா சார்?"

இருக்கிறது என்று சொன்னால் எண் மாறும். எங்கோ ஒரு சூளையில் நிற்கிற யாரோ நாற்பது பேருக்கு அது உதவலாம். கூடவே வங்கியின் கோப்பில் இன்னொன்றும் ஏறும்: நாட்டின் கணக்குக்கு அவள் வீட்டு வாசலில் புருஷனிடம் எண் கேட்டாள், அவன் வீம்புக்குச் சொன்னதை எழுதினாள், பிறகு விசாரணையில் மறைத்தாள். அவள் எதைக் காப்பாற்ற ஏழு வருடம் வாயைப் பூட்டிக்கொண்டாளோ அது நான் ஒரு வார்த்தை சொன்னால் போய்விடும். இதெல்லாம் அப்போது யோசித்தேன் என்று எழுத ஆசையாக இருக்கிறது. உண்மையில் எனக்குத் தோன்றியது ஒன்றுதான்: இந்தப் பெண் என்னை எப்படிப் பார்ப்பாள்.

"அவ கையெழுத்து எனக்கே புரியறதில்லம்மா" என்றேன்.

அவள் தலையாட்டிவிட்டு எழுந்தாள். உடம்பைப் பார்த்துக்கொள்ளச் சொன்னாள். படியிறங்கித் தெருவைக் கடந்து எதிரே பேருந்து நிறுத்தத்தின் நிழலில் போய் நிற்பது ஜன்னலில் தெரிந்தது. அங்கே இருபது நிமிடத்துக்கு ஒரு பேருந்து.

கோப்பையை எடுத்தேன். ஓட்டில் வட்டமாக ஈரம். வெந்த ஓட்டில் விழுந்த நீர் முத்தாக நிற்கும், துடைத்தால் போய்விடும். கடையில் தினமும் பத்துப் பேருக்கு இதைச் செய்து காட்டுகிறேன். இதைத் துணியால் துடைத்தேன், சட்டை நுனியால் துடைத்தேன். கறுப்பு வளையம் இன்னும் கொஞ்சம் அகன்றது. அதற்குள்ளேயே, மங்கலாக, வேறு வளையங்களும் இருந்தன. ஒன்றின் மேல் ஒன்றாக, ஏழு வருடத்து வளையங்கள்.

நோட்டைக் கையில் எடுத்துக்கொண்டு வாசல்படியில் உட்கார்ந்தேன். ஷூவின் கயிறு சிக்கிக்கொண்டிருந்தது. ஒரு காலை நுழைத்து முடிச்சை நகத்தால் நெண்டிக்கொண்டிருந்தபோது, தெருமுனையில் பேருந்து திரும்புகிற சத்தம் கேட்டது.